மாடு மேயும் பாங்க்

அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்தில் ஓவட்டோனா என்று ஒரு சின்ன ஊர். அதன் கடைத்தெரு முனையில் லூயி சல்லிவன் 1908-ல் கட்டி முடித்த பாங்க் கட்டடம் இருக்கிறது. செங்கல்லில் ஒரு சதுரப் பெட்டி. தெருவைப் பார்த்த இரண்டு பக்கமும் பிரம்மாண்டமான அரைவட்டக் கலர் கண்ணாடி ஜன்னல். அவ்வளவுதான்.

அந்தக் காலத்தில் பாங்க் என்றால் கிரேக்கக் கோயில் மாதிரி தூண் வைப்பார்கள். 'விவசாயி பணம் போடற இடத்துக்கு கிரேக்கம் எதுக்கு?' என்று யோசித்தவர் பாங்க்கின் உதவித் தலைவர் கார்ல் பென்னட். சல்லிவனைத் தேடிப் பிடித்தார். உள்சுவர் ஓவியத்தில் பசுமாடு மேய்கிறது.

'உருவம் உபயோகத்தைத் தொடரும்' என்று 1896-ல் எழுதியவர் இதே சல்லிவன். அதைப் பிடித்துக்கொண்டு பின்னால் வந்தவர்கள் மொட்டை மொட்டையாகக் கட்டித் தள்ளினார்கள். ஆசாமியோ சுட்ட மண்ணில் இலையும் கொடியுமாக இழைத்திருக்கிறார். (வரைந்ததில் பெரும்பங்கு உதவியாளர் எல்ம்ஸ்லி. பேர் சல்லிவனுக்கு. வழக்கம்தான்.) சேற்றுக் காலோடு வருகிற விவசாயி கூச்சப்படாமல் நிமிர்ந்து நிற்பதும் ஓர் உபயோகம்தானே?

சல்லிவன் 1924-ல் சிகாகோவில் காசில்லாமல் செத்துப்போனார். 1926-ல் பாங்க்கும் திவால். 1940-ல் வேறு பாங்க்காரர்கள் 'மாடர்ன்' பண்ணுகிறேன் என்று அழகான காஷியர் கூண்டுகளைப் பிடுங்கிப் போட்டார்கள். எனக்கு ஆறவே இல்லை. 1950-களில் ஹார்வெல் ஹாமில்டன் ஹாரிஸ் வந்து மிச்சத்தைப் பக்குவமாகக் காப்பாற்றினார். கூண்டு போனது போனதுதான்.

1981-ல் தபால்தலை போட்டார்கள். பதினெட்டு சென்ட்.