பூஜ்ஜியத்தை எழுதியவர்

2004 ஏப்ரல் 7. ஸ்பெயினின் வடமேற்கு மூலையில் அட்லாண்டிக் கடலைப் பார்த்தபடி இருக்கும் ஆ கொருன்யா நகரம். ரியாசோர் மைதானத்தில் சாம்பியன்ஸ் லீக் காலிறுதியின் இரண்டாவது ஆட்டம் முடிந்தபோது ஸ்கோர் பலகை காட்டிய கணக்கு: உள்ளூர் அணி டெபோர்தீவோ 4, ஏசி மிலான் 0.

அந்த நான்குக்குச் சொந்தக்காரர்கள் உண்டு. ஐந்தாவது நிமிடத்தில் பாந்தியானி, 35இல் வலேரோன், 44இல் லூக்கே, 76இல் பிரான். கால்பந்து வரலாற்றை எழுதும் எவரும் இந்த நான்கு பெயர்களையும் விடாமல் எழுதுவார்கள். பக்கத்தில் இருக்கும் பூஜ்ஜியத்தின் கீழே மட்டும் யார் பெயரும் இருக்காது. எதிரணி கோல் அடிக்கவில்லை என்பதாக அது முடிந்துபோகும்.

அந்தப் பூஜ்ஜியம் தானாக விழுந்ததல்ல. எதிரே நின்றது அப்போதைய ஐரோப்பிய சாம்பியன். ஷெவ்சென்கோ, காக்கா, பிர்லோ, சீடார்ஃப் என்று ஒவ்வொரு பெயரும் ஒரு மிரட்டல். முதல் ஆட்டத்தில் தன் மண்ணில் 4-1 என்று டெபோர்தீவோவை நசுக்கிவிட்டு வந்திருந்த அணி அது. இடைவேளையில் டெபோர்தீவோ 3-0 முன்னிலை பெற்றபோது இரண்டு ஆட்டங்களையும் சேர்த்துக் கணக்கு 4-4. அப்போதைய விதிப்படி, எதிரணி மண்ணில் அடித்த ஒரே கோலின் பலத்தில் டெபோர்தீவோ மயிரிழையில் முன்னே நின்றது. அந்த நேரத்தில் மிலான் ஒன்றே ஒன்று போட்டிருந்தால் அடித்த மூன்றும் தூக்கத்தைக் கெடுக்கும் நினைவாக மட்டும் எஞ்சியிருக்கும். பிரான் நான்காவது கோலைப் போடும்வரை, இடைவேளைக்குப் பின்னான அரை மணி நேரமும் அந்த அணியைச் சுமந்தது பூஜ்ஜியம்தான்.

அந்தப் பூஜ்ஜியத்தை எழுதியவர்களில் ஒருவர், 34 வயதான மொராக்கோ நாட்டுக்காரர், நூருத்தீன் நைபெத். அவருடைய ஆட்ட வாழ்வின் அழகைச் சொல்ல வேண்டுமென்றால், நடந்தவற்றை விட்டுவிட்டு நடக்காமல் போனவற்றைச் சொல்ல வேண்டும். அதனால்தான் அவரைப் பாராட்டுவது கடினம், பாராட்டாமல் விடுவது தவறு.

1970 பிப்ரவரி 10இல் காசாபிளாங்காவில் பிறந்தவர் நைபெத். அந்த நகரத்தில் கால்பந்து என்றால் இரண்டு நிறங்கள்: ரஜாவின் பச்சை, விதாத்தின் சிவப்பு. நைபெத் சிவப்பு. விதாத் அணிக்காக மொராக்கோ லீக் பட்டங்களை வென்றவர், 1992இல் ஆப்பிரிக்க சாம்பியன் கிளப் கோப்பையையும் கையில் ஏந்தினார். அந்த இறுதிப் போட்டியின் கணக்கைப் பாருங்கள். சூடானின் அல் ஹிலாலுக்கு எதிராகக் காசாபிளாங்காவில் 2-0, ஓம்துர்மானில் 0-0. இரண்டு ஆட்டத்திலும் சேர்த்து வாங்கிய கோல் ஒன்றுமில்லை. இருபத்திரண்டு வயதிலேயே அவருடைய கையெழுத்து இப்படி விழத் தொடங்கிவிட்டது.

அதன் பிறகு அவர் போன ஊர்களை வரைபடத்தில் விரலால் தொட்டுப் பாருங்கள். 1993இல் பிரான்சின் நாந்த். 1994இல் லிஸ்பனின் ஸ்போர்ட்டிங். 1996இல் ஆ கொருன்யா. காசாபிளாங்கா, லிஸ்பன், ஆ கொருன்யா மூன்றும் அட்லாண்டிக் கரை. நாந்த், அதே கடலில் போய்ச் சேரும் லுவார் நதியின் கரை. வீட்டு வாசலில் பார்த்த கடலின் ஓரமாகவே நடந்து போன மனிதர் போலத் தோன்றுகிறது. நாந்தில் இருந்தது ஒரே ஒரு சீசன். குறுக்கும் நெடுக்குமாகப் பந்தை ஒரே தொடுதலில் நகர்த்தும் ஆட்டத்துக்குப் பேர்போன ஊர் அது. லிஸ்பனில் 1995இல் போர்ச்சுகல் கோப்பை. 1982க்குப் பிறகு அந்தக் கோப்பையைக் கண்ணால் பார்க்காமல் தவித்த ஸ்போர்ட்டிங்குக்கு அது கோடை மழை. ஆ கொருன்யாவில்தான் அவர் வேர் பிடித்தார். எட்டு ஆண்டுகள்.

இனி, அவர் செய்த வேலையைக் கொஞ்சம் கிட்டத்தில் வைத்துப் பார்க்கலாம்.

நைபெத் ஒரு ஸ்டாப்பர், அதாவது கோலுக்கு முன்னே நடுவில் நிற்கும் டிஃபெண்டர். ஸ்டாப்பர் நிற்கும் நிலையிலேயே பாதி ஆட்டம் அடங்கியிருக்கிறது. எதிரியை நேருக்கு நேர் மார்பு காட்டி நிற்பவர், பந்து முதுகுக்குப் பின்னால் போனால் முழுதாகத் திரும்ப வேண்டும். அந்தத் திரும்பலில் அரை நொடி போய்விடும், அரை நொடி ஷெவ்சென்கோவுக்குத் தாராளம். நல்ல ஸ்டாப்பர் ஒருக்களித்து நிற்பார். ஒரு கால் முன்னே, ஒரு கால் பின்னே, இடுப்பு லேசாகத் திரும்பியிருக்கும். ஒரு பார்வை பந்துக்கு, அடுத்த பார்வை தோளுக்கு மேலாக ஆளுக்கு. பழைய ஆட்டப் பதிவுகளில் பந்தை விட்டுவிட்டு நைபெத்தை மட்டும் பார்த்தால் இந்தத் தலை திரும்பல்தான் முதலில் கண்ணில் படும். ஓயாமல் கேட்டுக்கொண்டே இருக்கும் ஒரு கேள்வி மாதிரி.

அடுத்தது தூரம். கோலுக்கு முதுகு காட்டிப் பந்துக்காகக் காத்திருக்கும் முன்கள வீரர், பின்னால் ஒருவர் வந்து ஒட்டிக்கொள்ள வேண்டும் என்றே ஆசைப்படுவார். ஒட்டினால் அந்த உடலையே தூணாகப் பிடித்துச் சுழன்று போய்விடலாம். எனவே ஒட்டக்கூடாது. விட்டும் நிற்கக்கூடாது. ஒரு கை நீளம். பந்து பாஸாகக் கிளம்பும்வரை அந்த இடைவெளி அப்படியே இருக்கும். கிளம்பிய மறுகணம் அது மூடும். பந்தும் டிஃபெண்டரும் ஒரே நேரத்தில் வந்து சேரும்போது முன்கள வீரருக்குத் திரும்ப இடமிருக்காது. பல நேரம் நைபெத் அதற்கும் முன்பே பக்கவாட்டில் புகுந்து கால்விரலால் பந்தைத் தட்டியெடுத்துவிடுவார். பார்ப்பவர்களுக்கு அது ஒரு தவறான பாஸ் போலத் தெரியும். பாஸ் சரியானதுதான். அதைத் தவறாக்கியவர் அவர்.

மூன்றாவது, பறித்த பின் என்ன செய்கிறார் என்பது. பயந்த டிஃபெண்டர் பந்தைக் கண்ணை மூடிக்கொண்டு உதைத்து அனுப்புவார். அது எதிரணியிடமே போய், அடுத்த நிமிடம் திரும்பி வரும். நைபெத் தலையை நிமிர்த்தி, முன்னே நிற்கும் நடுக்கள வீரர் மௌரோ சில்வாவின் காலுக்குச் சின்ன பாஸ் ஒன்றைக் கொடுப்பார். அந்தப் பாஸ் பத்தடி தூரம்தான் போகும். ஆனால் அந்தப் பத்தடியில் அணி மூச்சுவிட்டுக்கொள்கிறது.

குறள் வெண்பாவுக்கு அடிகள் இரண்டு. முதலடியில் நான்கு சீர், இரண்டாமடியில் மூன்று. அளவு சமமில்லை, ஆனால் ஒன்றில்லாமல் மற்றது நிறைவதில்லை. நடுவில் நிற்கும் இரண்டு ஸ்டாப்பர்களும் அப்படித்தான். ஒருவர் ஏறிப் போய்ப் பந்தைத் தலையால் முட்டும்போது இன்னொருவர் இரண்டடி பின்வாங்கி, தவறினால் விழப்போகும் இடத்தில் நிற்க வேண்டும். டெபோர்தீவோவில் நைபெத்துக்கு இணையாக நின்றவர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். முதலில் தோனாத்தோ, பிறகு சேசர், பிறகு ஜார்ஜ் அந்திராடே. இரண்டாமடி மாறினாலும் பொருள் கெடவில்லை என்றால் முதலடியை எழுதியவரின் கை அப்படி. நால்வர் வரிசையில் ஒருவர் ஓரடி பின்தங்கினாலும் தளை தட்டும். ஆஃப்சைடு கோடு உடைந்து கோல் விழும். அந்த ஓசையைக் காத்துக் கொடுப்பதும் நடுவில் நிற்பவரின் பொறுப்பு.

டெபோர்தீவோவுக்கு ஒரு பழைய காயம் இருந்தது. 1994 மே மாதம், லீக்கின் கடைசி ஆட்டம், கடைசி நிமிடம், ஒரு பெனால்டி. போட்டிருந்தால் பட்டம். மிரோஸ்லாவ் ஜுகிச் என்ற டிஃபெண்டர் அடித்த பந்தை வலென்சியாவின் கோல்கீப்பர் பிடித்துவிட்டார். பட்டம் பார்சலோனாவுக்குப் போனது. ஆறு ஆண்டுகள் அந்த ஊர் அதைச் சுமந்தது. 2000 மே 19இல், அதே ரியாசோரில், எஸ்பான்யோலை 2-0 என்று வென்று டெபோர்தீவோ முதன்முறையாக ஸ்பெயின் சாம்பியன் ஆனது. தோனாத்தோ ஒன்று, ராய் மக்காய் ஒன்று. எதிர்ப்பக்கம் மறுபடியும் பூஜ்ஜியம். சேர்த்த புள்ளிகள் 69தான். அந்த சீசனில் 11 ஆட்டங்களில் தோற்ற அணி அது. ஆனால் வாழ்நாளில் ஒருமுறை வரும் வாய்ப்பை இந்தத் தடவை நழுவவிடவில்லை.

இன்னொரு இரவையும் சொல்ல வேண்டும். 2002 மார்ச் 6, ரியல் மாட்ரிட் பிறந்து சரியாக நூறாண்டு நிறைவு. ஸ்பெயின் அரசர் கோப்பையின் இறுதிப் போட்டியை அன்றைக்கே, ரியல் மாட்ரிட்டின் சொந்த பெர்னபேயு மைதானத்திலேயே வைத்தார்கள். கோப்பை யாருக்கு என்பதில் அந்த ஊருக்குச் சந்தேகமே இல்லை. ஆறாவது நிமிடத்தில் செர்ஹியோ, 37இல் திரிஸ்தான் என்று டெபோர்தீவோ 2-0 முன்னே போனது. 58இல் ராவுல் ஒன்றைத் திருப்பினார். அதற்குப் பிறகு அரை மணி நேரத்துக்கும் மேல் ஜிதான், ஃபிகோ, ராவுல் மூவரும் சேர்ந்து அந்தக் கதவைத் தட்டினார்கள். கதவின் நடுவில் சேசரும் நைபெத்தும். கதவு திறக்கவில்லை. ஆட்டம் முடிந்ததும் ஆ கொருன்யாவிலிருந்து வந்த ரசிகர்கள் அந்தப் பெரிய மைதானத்தில் ரியல் மாட்ரிட்டுக்குப் பிறந்தநாள் பாட்டு பாடினார்கள்.

நயம் பாராட்டுவது என்றால் இனிப்பை மட்டும் எடுத்துச் சுவைப்பதல்ல. கைப்பும் உண்டு. 1998 ஜூன் 23, உலகக் கோப்பை, செயிண்ட் எத்தியன் நகரம். மொராக்கோ ஸ்காட்லாந்தை 3-0 என்று வென்றது. பின்வரிசையில் நைபெத்தும் அவருடைய தோழர்களும் அன்று செய்ய வேண்டியதைக் குறைவில்லாமல் செய்தார்கள். ஆனால் அதே நேரத்தில் மார்செய் நகரில் பிரேசிலுக்கு எதிராக நார்வே கடைசி நிமிடங்களில் இரண்டு கோல்கள் போட்டது. இரண்டாவது ஒரு பெனால்டி. அடுத்த சுற்றுக்கு நார்வே போனது, மொராக்கோ வீட்டுக்குத் திரும்பியது. தன் வாசலைக் காப்பாற்றியவர், நூறு மைலுக்கும் அப்பால் இன்னொரு வாசலில் விழுந்த கோலால் தோற்றுப்போனார். காவல் தொழிலில் இதைவிடக் கொடுமையான முடிவு இருக்க முடியாது.

2004 பிப்ரவரியில் ஆப்பிரிக்கக் கோப்பை. நைபெத் கேப்டன். அரையிறுதியில் மாலியை 4-0 என்று வென்ற அணி, இறுதியில் துனிசியாவிடம் அதன் சொந்த மண்ணில் 2-1 என்று தோற்றது. இரண்டு மாதத்துக்குள் மிலானுக்கு எதிரான அந்த ஏப்ரல் இரவு. அதற்கடுத்த சுற்றில் பயிற்சியாளர் மொரின்யோவின் போர்டோவிடம் 0-0, பிறகு ஒரு பெனால்டியால் 0-1. ஐரோப்பாவின் இறுதிப் போட்டி ஒரு கோலால் கைநழுவிப் போனது.

அந்த ஆண்டே லண்டனின் டாட்டன்ஹாமுக்குப் போனார். நவம்பர் 13இல் அண்டை எதிரி ஆர்சனலுடன் ஆட்டம். அன்றைக்கு முதல் கோலை அடித்தவர் யார் தெரியுமா? நைபெத். ஸ்கோர் பலகையில் அவர் பெயர் எழுந்த நாள் அது. ஆனால் ஆட்டம் 4-5 என்று முடிந்தது. ஒரு டிஃபெண்டர் அப்படிப்பட்ட நாளில் தன் கோலை நினைத்து மகிழ முடியாது என்பதை அந்தத் தொழிலை ஆழ்ந்து பார்த்தவர்கள் அறிவார்கள். பெயர் வந்தது, பூஜ்ஜியம் போனது.

மொராக்கோவுக்காக அவர் ஆடிய ஆட்டங்கள் 115. 1994, 1998 என இரண்டு உலகக் கோப்பைகள். 1994இல் மூன்று ஆட்டங்களிலும் தோல்வி, 1998இல் ஒரு பெனால்டியால் வெளியேற்றம். உலகக் கோப்பையின் முதல் சுற்றைத் தாண்டாமலேயே அவருடைய காலம் முடிந்தது.

ஆனால் அவர் எழுதிக் காட்டியது முடியவில்லை. 2004இல் துனிசியாவில் நைபெத் கேப்டனாக இருந்த அந்த அணியில் வலது பக்க டிஃபெண்டராக ஆடிய இளைஞர் ஒருவர் உண்டு. பெயர் வாலித் ரெக்ராகி. பதினெட்டு ஆண்டுகள் கழித்து, 2022 உலகக் கோப்பைக்கு மொராக்கோவின் பயிற்சியாளராகக் கத்தாருக்கு வந்தவர் அவர்தான். குரோஷியா 0, பெல்ஜியம் 0, ஸ்பெயின் 0, போர்ச்சுகல் 0. நடுவே கனடாவுக்குக் கிடைத்த ஒன்றும் மொராக்கோ வீரர் காலில் பட்டு உள்ளே போன சொந்த கோல். உலகக் கோப்பை அரையிறுதிக்கு முதன்முதலாக ஓர் ஆப்பிரிக்க நாடு வந்து சேரும்வரை, அந்த ஐந்து ஆட்டங்களில் எதிரணி வீரர் ஒருவர்கூட மொராக்கோ வலைக்குள் பந்தைப் போடவில்லை.