முப்பது விநாடி இலக்கியம்

இலக்கிய விமர்சனம் நூல்களின் எல்லைக்குள் நின்றுவிட வேண்டும் என்று எவரும் விதி செய்ததில்லை. மக்களின் உள்ளத்தை எது உருவாக்குகிறதோ அது விமர்சகனின் பார்வைக்கு உட்பட்டேயாக வேண்டும். ஆயினும், கல்முனை முதல் பொத்துவில் வரையுள்ள எமது ஊர்களிலே சிறுவர் நாள்தோறும் பன்முறை கண்டும் கேட்டும் வருகின்ற ஒரு கதை வடிவத்தைப் பற்றி, நாம் அறிந்தவரை, எமது சஞ்சிகைகள் பேசியதில்லை. ‘டெப்’ என்று பிள்ளைகள் வழங்கும் கைக்கணினியிலே, விளையாட்டின் நடுவே வந்து விழும் விளம்பரத்தையே குறிப்பிடுகிறோம். அதை இடையூறு என்று கருதி அலுத்துக்கொள்கிறோம். ஆக்கம் என்று கருதி ஆராய்ந்தோமில்லை.

இக்கருவி எமது இல்லங்களுக்கு வந்த வழியை முதலில் நினைவுகூர்தல் தகும். சவூதியிலும் கட்டாரிலும் உழைக்கும் வாப்பாமார் விடுமுறையில் வரும்போது கொண்டுவந்தவை சில. 2020 மார்ச்சிலே பாடசாலைகள் மூடப்பட்டு, வட்ஸ்அப்பிலும் சூமிலும் பாடம் நடந்த காலத்திலே கடன்பட்டு வாங்கப்பட்டவை பல. 2021 ஜூலையிலே ஆசிரியரும் அதிபர்களும் சம்பள முரண்பாட்டைத் தீர்க்கக் கோரி இணையவழிக் கற்பித்தலிலிருந்து விலகினர்; அப்போராட்டம் ஒக்டோபர் வரை நீடித்தது. அதன் நியாயத்தை நாம் இன்றும் ஏற்கிறோம். ஆனால், பாடம் விலகிய திரையிலே விளையாட்டுக் குடியேறியது என்பதையும், பாடசாலைகள் திறந்த பின்னரும் அது வெளியேறவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

இனி வடிவத்தைக் காண்போம். ஒரு மனிதன் ஓர் அறைக்குள்ளே அகப்பட்டு நிற்கிறான். ஒருபுறம் தீக்குழம்பு, மறுபுறம் நீர், இடையே சில ஊசிகள். எந்த ஊசியை முதலில் இழுத்தால் அவன் பிழைப்பான் என்பது பாலர் வகுப்புப் பிள்ளைக்கும் விளங்கும். ஆனால் திரையிலே தோன்றும் கை தவறான ஊசியையே இழுக்கிறது. மனிதன் வெந்து வீழ்கிறான். ‘உன்னால் முடியுமா?’ என்ற வினாவோடு கதை முடிகிறது.

அவல நாடகத்திலே தலைவன் தன் குறையினால் வீழ்கிறான். காண்போர் அவனுக்காக இரங்குவர். இங்கே வீழ்பவனிடம் குறை ஏதுமில்லை. குறை அந்தக் கைக்கு உரியது. அக்கையின் மடமையோ வேண்டுமென்றே வகுக்கப்பட்டது. தொல்காப்பியர் கூறும் எண்வகை மெய்ப்பாடுகளுள் இரண்டை இது ஒரே வேளையிலே கிளறுகிறது. ‘இப்படியா செய்வது?’ என்ற வெகுளி ஒன்று. ‘நானாயின் வென்றிருப்பேன்’ என்ற பெருமிதம் மற்றொன்று. கிளறிய இரண்டையும் கதைக்குள்ளே தணிப்பதில்லை. தணிக்க விரும்பும் பிள்ளை திரையைத் தொட வேண்டும்; தொட்டால் புதிய விளையாட்டுத் தரவிறங்கத் தொடங்கும். உருவத்தையும் உள்ளடக்கத்தையும் பற்றி நாம் எத்தனையோ ஆண்டுகளாக விவாதித்து வருகிறோம். உள்ளடக்கம் சிறிதுமின்றி உருவம் மட்டுமே வேலை செய்வதற்கு இதனிலும் தெளிவான சான்று கிடைப்பதரிது.

தரவிறக்கிய பின் அங்கே கிடைப்பது என்ன? பிளேரிக்ஸ் என்ற பெருநிறுவனத்தின் ‘ஹோம்ஸ்கேப்ஸ்’, ‘கார்டன்ஸ்கேப்ஸ்’ என்னும் இரு விளையாட்டுகளின் இத்தகைய விளம்பரங்களைப் பிரித்தானிய விளம்பரத் தர அதிகாரசபை 2020 செப்டெம்பரிலே தடை செய்தது. அவ்விளையாட்டுகளின் பெரும்பகுதி ஒரே வகைத் துண்டுகளை மூன்று மூன்றாகச் சேர்ப்பதே. விளம்பரம் காட்டிய புதிர் அவற்றிலே அரிதாகவே தலைகாட்டியது. ஆகவே அவை மக்களை ஏமாற்றுவன என்று அச்சபை முடிவு செய்தது. பிரித்தானியாவிலே எழுந்த தீர்ப்புச் சாய்ந்தமருதுக் குழந்தையின் திரையை எட்டவில்லை. ஊசிக் கதை இங்கே இன்றும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

எட்டாந் தர மாணவரிடம் ‘நான் விரும்பும் விளையாட்டு’ என்ற தலைப்பிலே கட்டுரை கேட்டிருந்தோம். ஒரு மாணவன் வருணித்திருந்தது அவன் ஒருபோதும் விளையாடியிராத விளையாட்டை. விளம்பரமாக மட்டுமே அறிந்ததை. நடை தெளிவானது, வருணனையில் உயிர் இருந்தது. பதினைந்துக்குப் பதின்மூன்று புள்ளிகள் வழங்கினோம். வேறென்ன செய்வது?

இரண்டாவது வடிவம் இதனினும் நுட்பமானது. 2012இல் வெளிவந்த ‘சப்வே சர்ஃபர்ஸ்’ என்ற டென்மார்க் விளையாட்டுக்கு எமது பிள்ளைகளிடையே அறிமுகம் தேவையில்லை. ஓடும் சிறுவன் புகையிரதத்தில் மோதி வீழ்ந்ததும், ஒரு விளம்பரத்தைப் பார்த்தால் ஓட்டத்தைத் தொடரலாம் என்று திரை அழைக்கிறது. பார்த்தமைக்குப் பரிசு தரும் விளம்பரம் என்பதே இவ்வகைக்குத் தொழில் வட்டாரத்திலே வழங்கும் பெயர்.

தமிழ் படித்த எமக்குப் பரிசு என்ற சொல்லைக் கேட்டதும் பரிசில் வாழ்நர் நினைவுக்கு வருதல் இயல்பு. அதியமான் தன்னை நேரிற் காணாமலே அளித்த பரிசிலைப் பெருஞ்சித்திரனார் ஏற்க மறுத்தார் என்பது புறநானூறு தரும் செய்தி. பொருள் சிறிதென்பதனாலன்று, புலவனைக் காணாது, அவன் தகுதியை அறியாது கொடுக்கும் கொடை வாணிகமாகிவிடும் என்பதனாலேயாம். இங்கோ கொடுப்பவன் பிள்ளையை நன்றாகவே காண்கிறான். எவ்விடத்திலே வீழ்வான், எத்தனை முறை மீண்டும் முயல்வான், எத்தனை விநாடி பொறுப்பான் என்று கணக்கிட்டே காண்கிறான். அவன் கொடுப்பது பொய் நாணயம். எடுப்பது மெய்யான முப்பது விநாடி. சங்கப் புரவலனைப் போற்றுவதற்கு நாம் இதை எழுதவில்லை. அவன் கொடையும் அவன் வர்க்கத்தின் தேவையே. எனினும், வேண்டாம் என்று சொல்லி எழுந்து செல்லும் வாயில் அந்த அவையிலே திறந்திருந்தது.

அந்த முப்பது விநாடி ஒரு சரக்கு. ஆயிரம் பார்வைக்கு இவ்வளவு என்று விலை பேசி விளையாட்டை ஆக்கியவன் அதை விற்கிறான். பெரும்பாலும் இன்னொரு விளையாட்டை ஆக்கியவனே வாங்குகிறான். இலவசம் என்ற சொல்லின் உட்பொருள் இதுவே. விளையாட்டு இடையிலே விளம்பரம் வருகிறது என்று நாம் கூறுவது தவறு. விளம்பரத்துக்காகவே விளையாட்டு நெய்யப்படுகிறது. பிள்ளை வீழுமிடமும் வெல்லுமிடமும் அதற்கேற்பவே அமைக்கப்படுகின்றன.

முன்னரும் விளம்பரங்கள் இருக்கவில்லையா என்று நண்பர் சிலர் கேட்கக்கூடும். இருந்தன. 1950இலே தொடங்கிய இலங்கை வானொலியின் வர்த்தக சேவை பாட்டுக்குப் பாட்டு விளம்பரம் ஒலித்தது. 1952இலே அங்கிருந்து ஒலிக்கத் தொடங்கிய புகழ்பெற்ற இந்தித் திரைப்பாடல் நிகழ்ச்சி பினாக்கா என்ற பற்பசையின் பெயரையே தாங்கியிருந்தது. ஆயினும் வானொலியைக் கேட்டவன் வலை பின்னிக்கொண்டே கேட்டான். விளம்பரம் வந்த வேளையிலே தேநீர் ஊற்றினான். வானொலி அவனைத் திருப்பிக் கேட்கவில்லை. கைக்கணினி கேட்கிறது. ஒவ்வொரு கருவிக்கும் விளம்பர அடையாள எண் ஒன்றுண்டு. அதைக் கொண்டு பிள்ளையின் பழக்கங்கள் பின்தொடரப்படுகின்றன. இந்தியாவிலே தோன்றி வளர்ந்த இன்மொபி என்ற விளம்பர நிறுவனம், சிறுவர் உட்படக் கோடிக்கணக்கானோரின் இருப்பிடத்தை அனுமதியின்றிப் பின்தொடர்ந்ததற்காக 2016இலே அமெரிக்க அரசுக்கு 950,000 டொலர் தண்டம் செலுத்த உடன்பட்டது. சுரண்டுபவன் வெள்ளையனாகத்தான் இருப்பான் என்று எண்ணிப் பழகியவர்கள் இதைக் கவனிக்க.

2018இலே மிச்சிகன் பல்கலைக்கழகத்தினர் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குரிய 135 செயலிகளை ஆராய்ந்து, நூற்றுக்கு 95இலே ஏதோ ஒரு வகை விளம்பரம் இருப்பதைக் கண்டனர். மருத்துவ விளையாட்டு ஒன்றிலே, குழந்தை கடைக்குள் நுழைந்து எதையும் வாங்காமல் வெளியேறினால் சித்திரப் பாத்திரம் கண்ணீர் விட்டழுமாம். அழுகை என்னும் மெய்ப்பாட்டுக்கு இப்படியொரு பயன் உண்டென்று எந்த உரையாசிரியரும் கண்டதில்லை.

பத்திரிகை விளம்பரத்தின் காகிதச் செலவை முதலாளி ஏற்றான். இங்கே விளம்பரம் வந்து சேரும் கூலியையும் வீட்டாரே இறுக்கின்றனர். அசையும் படமாக வரும் ஒவ்வொரு விளம்பரமும் டேட்டாவை உண்கிறது. 2022இன் பொருளாதார நெருக்கடிக்குப் பின் தொலைபேசிக் கட்டணங்கள் ஏறின. 2024 ஜனவரியிலே பெறுமதி சேர் வரி 18 சதவீதமாயிற்று. மருதமுனையிலே தறியில் இருந்து நாள்முழுதும் நெய்பவரும், றியாத்திலே வெயிலில் நிற்பவரும் போடும் ரீலோட்டின் ஒரு பகுதி, அவர்களுடைய பிள்ளையை ஏமாற்றும் கதையைச் சுமந்து வரவே செலவாகிறது. விளம்பரமற்ற பதிப்பு விலைக்குண்டு. வங்கியட்டை உள்ள வீட்டுப் பிள்ளை அதைப் பெறும். அமைதியும் சரக்காகிவிட்டது, வாங்க இயலாதவன் நேரத்தால் செலுத்துகிறான்.

ஊரிலே இதைப் பற்றிப் பேச்செழாமலில்லை. ஆனால் அப்பேச்சு ஆடைக்குறைவான படங்களோடு நின்றுவிடுகிறது. அக்கவலை நியாயமானதே. எனினும், உடலை முழுதும் மூடிய ஒருத்தி வந்து பந்தயத்துக்கும் வட்டிக் கடனுக்கும் அழைப்பாளாயின் ஒருவரும் திடுக்கிடுவதில்லை. சூதும் வட்டியும் மார்க்கம் விலக்கியவை என்பதை எமது பெரியோருக்கு நாம் நினைவூட்ட வேண்டியதில்லை.

இவற்றைத் தடுக்க முடியுமா? பெருமளவுக்கு முடியும், பணமும் வேண்டியதில்லை. இணையம் தேவைப்படாத விளையாட்டாயின் பிளைட் மோட்டை இட்டாலே போதும். 2018இலே வந்த அண்ட்ரொய்ட் 9 முதலாக, கருவியின் அமைப்புகளிலே பிரைவேட் டி.என்.எஸ். என்றோர் இடமுண்டு. இணையத்திலே பெயரைச் சொன்னால் முகவரி சொல்லும் ஏடு போன்றது டி.என்.எஸ். விளம்பர நிலையங்களின் முகவரியைச் சொல்ல மறுக்கும் ஏடொன்றை, அட்கார்ட் முதலியோர் இலவசமாகத் தருவதை, அவ்விடத்திலே குறித்துவிட்டால் பெரும்பாலான விளம்பரங்கள் வழி தெரியாது நின்றுவிடும். எல்லாம் நில்லா, விளையாட்டின் உள்ளேயே பதிக்கப்பட்டவை வரும். விளம்பர அடையாள எண்ணை அழிப்பதற்கும் புதிய கருவிகளிலே வழியுண்டு. கூகிள் நிறுவனமே 2022 செப்டெம்பர் முதல், எதிர்பாராத வேளையிலே முழுத்திரையை மறைப்பனவும் 15 விநாடிக்குப் பின்னும் மூட இயலாதனவுமான விளம்பரங்களைத் தன் கடையிலே விலக்கியது. ஆனால் பரிசு விளம்பரத்துக்கு விலக்களித்துவிட்டது. பிள்ளை தானே விரும்பிப் பார்க்கிறதாம்!

தடுத்தால் ஆக்கியவனின் வயிற்றிலடிப்பது ஆகாதா என்ற வினா எழும். உழைப்பவனின் கூலியை நாம் அலட்சியம் செய்ய முடியாது. அவன் விலை கேட்கட்டும். வயது வந்தவரிடம், தெரிந்த தொகையாகக் கேட்கட்டும். எட்டு வயதுப் பிள்ளையோடு காணி பேசி உறுதி முடிப்பவனை ஊர் என்ன சொல்லும்? எமது நாட்டின் 2022ஆம் ஆண்டு 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் பிள்ளை பற்றிய தரவைச் சிறப்பு வகையாகவே வகுத்திருக்கிறது. 2025 மார்ச்சிலே நடைமுறைக்கு வரவிருந்த அதன் முக்கிய பகுதிகள் பின்தள்ளப்பட்டன. ஆசிரியர் சங்கங்கள் சம்பளத்தோடு இதையும் கையிலெடுத்தால் குறைந்துவிடப் போவதில்லை.

தடுப்பது என்ற சொல் எமது இலக்கிய வரலாற்றுக்குப் புதிதன்று. தென்னிந்திய வணிகச் சஞ்சிகைகளின் வரவைக் கட்டுப்படுத்த வேண்டுமென்று இலங்கை முற்போக்கு எழுத்தாளர் சங்கத்தினர் ஒரு காலத்திலே குரலெழுப்பினர். மண்வாசனை பற்றிய விவாதம் சூடாக இருந்த காலம் அது. 1970களிலே கட்டுப்பாடு வந்தது. அந்த வெளியிலே வீரகேசரி பிரசுரங்களாக ஈழத்து நாவல்கள் தொடர்ந்து வெளிவந்தன. 1977இலே திறந்த பொருளாதாரம் வந்தது, சஞ்சிகைகள் திரும்பின, அந்நாவல் வரிசை மங்கியது. தடை தவறு என்பதன்று இதன் பொருள். தடை தந்த சில ஆண்டுகளை எமது எழுத்தாளர் பயன்படுத்தினர். ஆனால் தடை நீங்கிய பின்னும் தாமாக நிற்கும் வாசகரை உருவாக்க அவ்வாண்டுகள் போதவில்லை.

வீட்டிலே ஒருவர் இரகசியமாகத் தடுத்துக்கொள்வது தனியொருவரின் சாதுரியமாகவே முடியும். பாடசாலையின் பெற்றோர் கூட்டத்திலே பத்து நிமிடத்தை இதற்கு ஒதுக்கி, வந்திருக்கும் உம்மாமாரின் தொலைபேசிகளிலே அவ்விடத்திலேயே அமைப்பை மாற்றிக் கொடுப்பது கடினமன்று. அதன்பின் பிள்ளை என்ன விளையாடும் என்ற வினா இருக்கிறது. கிளித்தட்டு ஆடுவதற்கு எமது நெருங்கிய வளவுகளிலே இடமில்லை. விளம்பரம் சிறிதுமற்ற திரை விளையாட்டுகள் இல்லாமலில்லை. 2000ஆம் ஆண்டிலே பிரான்சு நாட்டவர் ஒருவர் தொடங்கி, தன்னார்வலர் பலர் வளர்த்துவரும் ‘ஜே கோம்ப்ரி’ என்ற தொகுப்பிலே சிறுவருக்குரிய நூற்றுக்கு மேற்பட்ட பயிற்சிகளும் விளையாட்டுகளும் இருக்கின்றன. ‘எனக்கு விளங்கிவிட்டது’ என்பது அப்பெயரின் பொருள். அது கட்டற்ற மென்பொருள். எவரும் தம் மொழியைச் சேர்க்கலாம், தம் குரலையும் சேர்க்கலாம். கிழக்கிலங்கைப் பிள்ளையின் செவிக்குப் பழகிய தமிழிலே அதற்குக் குரல் கொடுக்க எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை. ஒலுவிலிலுள்ள தென்கிழக்குப் பல்கலைக்கழகத்திலே தமிழ் கற்கும் மாணவரும் கணினி கற்கும் மாணவரும் ஒரே வளாகத்திலேதான் தேநீர் அருந்துகின்றனர்.