மணலில் ஓர் உருவம்: ஆனா மென்டியேட்டாவின் படங்கள்

சடங்கு என்னும் சொல் கலை விமர்சகரிடையே மலிவாகப் புழங்குகிறது. உடலில் சேறு பூசினால் சடங்கு. தீ மூட்டினால் சடங்கு. நிகழ்த்துகலைஞர் ஆனா மென்டியேட்டாவைப் பற்றி எழுதுவோர் பலரும் இதற்கு அப்பால் செல்வதில்லை. ஆயினும் இறையியல் மாணவர் அவரைக் கவனித்தற்குத் தக்க காரணம் உண்டு.

அவர் 1948இல் ஹவானாவில் பிறந்தவர். 1960 முதல் 1962 வரை பெற்றோரின்றி 14,000க்கு மேற்பட்ட பிள்ளைகள் கியூபாவிலிருந்து அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்டனர். இதில் கத்தோலிக்கத் திருச்சபைக்கு முதன்மையான பங்கு இருந்தது. 1961இல், பன்னிரண்டு வயதில், தமக்கையோடு சென்ற ஆனா அயோவா மாநிலத்தில் விடுதியிலும் வளர்ப்பு இல்லங்களிலும் வளர்ந்தார். தாய் வந்து சேர்ந்தது 1966இல். கியூபாவில் சிறையிலிருந்த தந்தை வந்தது 1979இல். பிள்ளைகளின் நன்மைக்கென்று திருச்சபை செய்த ஒரு காரியம் அப்பிள்ளைகளுள் ஒருத்தியிடம் எதை விட்டுச்சென்றது என்பதை அவருடைய ஆக்கங்களில் காணலாம்.

1973 முதல் 1980 வரை அயோவாவிலும் மெக்சிக்கோவிலும் அவர் அமைத்தவை 'சிலுயேத்தா', அதாவது நிழலுருவ வரிசை. தம் உடலின் வடிவை மண்ணிலும் புல்லிலும் பனியிலும் பதித்தார், பூவால் நிரப்பினார், வெடிமருந்தால் எரித்தார். பின்பு அதை அழியவிட்டார். எஞ்சியவை புகைப்படங்களும் சூப்பர் 8 படச்சுருள்களுமே. 1976இல் மெக்சிக்கோவின் லா வென்டோசா கடற்கரையில் சிவப்புப் பொடி நிரப்பிய உருவத்தை அலை சிறிது சிறிதாகக் கரைக்கும் படங்களில் ஆரவாரம் எதுவும் இல்லை.

எல்லாம் இத்தரத்தன அல்ல. 1973இல் யாகுல் என்னுமிடத்தில், பழைய சப்போட்டெக் கல்லறையில் வெண்மலர் போர்த்துக் கிடந்த படம் மிகப் புகழ்பெற்றது. எனக்கோ அது இடறலாகவே உள்ளது. அக்கல்லறைக்கு உரிய மக்கள் இருக்கின்றனர். அவர்களுடைய மரித்தோர் இங்கே வெறும் பின்னணி ஆகிவிட்டனர். 'பூமித்தாய்' என்று பொதுவாகச் சொல்லும்போது எந்த ஊரின் மண் என்பது மறைந்துபோகிறது.

இக்குறை நீங்கிய ஆக்கம் 1981இன் 'ஓச்சுன்' என்னும் ஒளிநாடாப் படம். புளோரிடாவின் கீ பிஸ்கேன் கடலோரத்தில், ஆழமற்ற நீரில், இரு மணற்கரைகளால் ஆன ஒரு பெண்ணுருவம். நீர் அதனூடே ஓடுகிறது. தெற்கே, கடலுக்கு அப்பால் கியூபா. ஓச்சுன் என்பது யொருபா மக்கள் வணங்கும் நீர்த்தெய்வத்தின் பெயர். சமயக் கலப்பு என்று நம்மில் சிலர் உடனே முகஞ்சுளிப்பர். அப்பெயர் கியூபாவுக்கு வந்த வழியை அவர்கள் எண்ணவேண்டும். அடிமைகளாகக் கடல் கடத்தப்பட்டோர் கொண்டுவந்த பெயர் அது. தானும் கடல் கடத்தப்பட்ட ஒரு பெண் அதை அழைக்கிறாள். சங்கீதம் 137ஐப் பிரசங்கிப்போருக்கு இந்த நிலை அந்நியமன்று.

சபையில்லாத சடங்கு சடங்காகுமா? ஆகாது என்றே நினைக்கிறேன். உடன் பாட ஒருவரும் இல்லை; சாட்சியாக நிற்பது படக்கருவி மட்டுமே. ஆனால் அச்சபையைப் பிரித்தவர்கள் யார் என்பதையும் நாம் கேட்டாக வேண்டும்.

அவர் 1985இல், 36ஆம் வயதில், நியூயார்க் அடுக்குமாடி வீட்டிலிருந்து விழுந்து இறந்தார். அம்மரணத்தை முந்தைய படங்களில் தேடும் வழக்கம் பெருகியுள்ளது. அது படங்களுக்கு நீதி செய்வதாகாது. வகுப்பில் காட்டுவோர் ஒன்றைக் கவனிக்கவேண்டும். 'ஓச்சுனை' நிழற்படமாகக் காட்டினால் இரண்டு மணற்கோடுகளே தெரியும். எட்டு நிமிடத்துக்குச் சற்று மேற்பட்ட அப்படத்தை, நீரின் ஓசையோடு, முழுவதும் ஓடவிடுக.