கழுகுமலைக் குரத்தியர்

கோவில்பட்டிச் சுற்றுவட்டாரத்தில் பிறந்த எந்தப் பிள்ளைக்கும் வெட்டுவான் கோயில் கதை தெரியும். சிற்பி மகன் அப்பனை மிஞ்சினான். பொறாமையில் அப்பன் மகனைக் கொன்றான். கோயில் முடியாமல் நின்றுபோனது. பசுவந்தனையில் எனக்கும் அப்படித்தான் சொன்னார்கள். அப்பன், மகன், உளி. கதையில் பெண் கிடையாது.

அதே மலையின் பாறையில் எட்டாம், ஒன்பதாம் நூற்றாண்டு வட்டெழுத்தில் நூறளவிலான சிறு கல்வெட்டுகள் உள்ளன. சமண உருவங்களின் கீழே, அவற்றைச் செய்வித்தவர் யார் என்று சொல்பவை. பல ஒரு வரி, இரண்டு வரிதான். தென்னிந்தியக் கல்வெட்டுகள் ஐந்தாம் தொகுதியில் அவற்றின் பாடத்தைப் படிக்கலாம். அதில் மிழலூர்க் குரத்தியார் வருகிறார். அவர் பேரூர்க் குரத்தியாரின் மாணாக்கியார். நால்கூர்க் குரத்தி வருகிறார். அவருக்கு ஆசிரியர் அமலநேமி பட்டாரர். திருச்சாரணத்துக் குரத்திகள் வருகிறார். திருச்சாரணம் என்பது இன்றைய குமரி மாவட்டத்துச் சிதறால்.

வகுப்பில் இந்தப் பக்கத்தைக் கொடுத்தால் முதலில் நடப்பது ஒன்றுதான். மாணவிகள் ‘குறத்தி’ என்று வாசிப்பார்கள். குறி சொல்லும் குறத்தியை நமக்குத் தெரியும். சிற்றிலக்கியம் அவளைப் பாடப்பாட நாக்கு பழகிவிட்டது. அவள் தாழ்ந்தவள் இல்லை, ஆனால் இவள் வேறு. இது இடையின ரகரம். குரவர் என்பதன் பெண்பால் குரத்தி, ஆசிரியை. மூலத்தை எழுத்தெழுத்தாக வாசி என்று நான் நச்சரிப்பது இதற்காகத்தான். ஒரு ரகரம் பிசகினால் ஆசிரியை மறைந்துபோகிறாள்.

எழுத்தைச் சரியாக வாசித்தவர்களும் இவர்களைக் கண்டு திகைத்திருக்கிறார்கள். பி.பி.தேசாய் 1957இல் வெளிவந்த தென்னிந்தியச் சமணம் பற்றிய நூலில் குரத்தியருக்குத் தனிக் கவனம் தந்தார். அந்த நன்றி நமக்கு உண்டு. ஆனால் பெண்கள் இப்படி ஆசிரியராக விளங்கியதற்குக் காரணமாக அவர் யாபனீயப் பிரிவின் செல்வாக்கைச் சுட்டினார். பெண்ணுக்கு வீடுபேறு இல்லை என்பது திகம்பரர் கொள்கை. உண்டு என்றவர்கள் யாபனீயர். விளக்கம் அழகாகத்தான் இருக்கிறது. எனக்கு உறுத்துவது அதன் திசை: கோட்பாட்டை முதலில் வைத்து, பெண் இங்கே இருக்க அனுமதி உண்டா என்று கேட்கிறது. ஆண் ஆசிரியர்களுக்கு அப்படி யாரும் காரணம் தேடுவதில்லை. கல்லோ, இருந்தார்கள் என்பதிலிருந்து தொடங்குகிறது. லெஸ்லி ஓர் 1990களில் கல்வெட்டுகளின் வழியே சமணப் பெண்களை ஆராய்ந்தபோது அந்தப் பக்கத்திலிருந்துதான் வந்தார்.

இதைப் பொற்காலம் என்று கொண்டாட எனக்கு மனமில்லை. செய்விக்கப் பொருள் வேண்டும். அது இல்லாத பெண்கள் பாறையில் ஏறவில்லை. செதுக்கப்பட்ட உருவங்களில் பெரும்பாலானவை தீர்த்தங்கரர்கள், ஆண்கள்; அம்பிகை போன்ற இயக்கியர் சிலரே. குரத்தியர் என்ன கற்பித்தார்கள், எதை எழுதினார்கள் என்பதற்கு இந்த வரிகளில் ஒரு சொல்லும் இல்லை. சான்று தராததை ஆசையால் நிரப்பினால், வெட்டுவான் கோயில் கதைக்கு ஒரு மகளைச் சேர்ப்பதுபோல்தான்.

ஆனாலும் தருகிற கொஞ்சத்தில் எவ்வளவு இருக்கிறது! இவர்களுடைய அடையாளம் ஊரும் ஆசிரியரும். எவருடைய மனைவி என்று பேரூராரையோ மிழலூராரையோ நாம் அறியவில்லை. ஒரு பெண்ணிடம் ஒரு பெண் படித்தாள் என்பது கல்லில் வெட்டத் தகுந்த தகுதியாக இருந்திருக்கிறது. சிலப்பதிகாரத்தின் கவுந்தியடிகளைக் காப்பியக் கற்பனை என்று கடந்துபோகிறவர்களுக்கு இந்தப் பாறையைக் காட்ட வேண்டும்.

கழுகுமலையோடு இது நிற்கவுமில்லை. சிதறாலில் குணந்தாங்கிக் குரத்திகள் பொன் அணி கொடுத்திருக்கிறார். வந்தவாசிக்கு அருகே வேடலில் கனகவீரக் குரத்தியார். அவரையும் அவருடைய மாணாக்கியரையும் காத்து உணவளிப்பதாக ஊரார் பொறுப்பேற்றார்கள். முதலாம் பராந்தகன் காலத்தில், வடஆர்க்காட்டு விளாப்பாக்கத்தில் பட்டினிக் குரத்தியடிகள் செய்ததுதான் மானாவாரிக் காட்டில் வளர்ந்த எனக்கு மிகவும் பிடித்தது. அவர் கிணறு வெட்டினார்.