இளையராஜாவின் இசைத்தட்டும் நமது தப்பும்

தமிழில் சங்கீத விமரிசனம் என்றால் பாடகரைப் புகழ்வது, இன்றேல் பாட்டின் மொழியைப் பற்றிச் சண்டையிடுவது என்ற இரண்டே வழக்கமாகிவிட்டன. பாட்டும் பாடகருமின்றி, சினிமாக் கதையின் துணையுமின்றி ஒரு தமிழர் செய்த இசைத்தட்டைப் பற்றி நாம் இங்கு எழுதத் துணிகிறோம். 1986-இல் இளையராஜா வெளியிட்ட 'ஹௌ டு நேம் இட்?' என்பதே அது. இதற்கு என்ன பெயர் வைப்பது என்று பொருள்.

1943-இல் பண்ணைப்புரத்தில் பிறந்தவர். தமையனார் பாவலர் வரதராசனோடு அரசியல் மேடைகளில் ஆர்மோனியம் வாசித்தவர். சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேல்நாட்டுச் சங்கீதம் பயின்று, கிடாரும் பியானோவும் கைவரப் பெற்றவர். இத்தனை வாத்தியம் தெரிந்தும் இத்தட்டில் முன்னிடத்தை வி. எஸ். நரசிம்மனின் பிடிலுக்கே கொடுத்திருக்கிறார். தியாகராயருக்கும் ஜெர்மானியரான பாஹ் என்பாருக்கும் இதைக் காணிக்கையாக்கியுமிருக்கிறார். பாஹ் 1750-இல் இறந்தார். பதினேழு ஆண்டு கழித்தே தியாகராயர் பிறந்தார். ஒருவரையொருவர் கண்டிராத இருவரையும் தம் வீட்டுக்கு வரவழைத்துப் பேசவிடுகிறார் இளையராஜா.

அப்பேச்சு எப்படி நடக்கிறது? 'ஃபியூக்' என்பது மேல்நாட்டார் முறை. ஒரு குரல் ஒரு மெட்டைத் தொடங்கும். அது முடிந்ததும் இரண்டாவது குரல் அதே மெட்டை வேறொரு சுருதியிலிருந்து எடுக்கும். முதற்குரலோ ஓயாமல் வேறு வழியில் நடந்துகொண்டேயிருக்கும். பின் மூன்றாவது. நம் சங்கீதத்திலோ எல்லா வாத்தியமும் ஒரே பாட்டைப் பின்தொடர்வதே மரபு. பாஹின் பிடில் பகுதியொன்றை அப்படியே வாசிக்கவிட்டு, அதைச் சுற்றித் தம் நரம்பு வாத்தியங்களை உலவவிடும் ஏழாவது உருப்படியில் எவர் எவருக்கும் பக்கவாத்தியமாகவில்லை. இதையே நாம் இத்தட்டின் உச்சமென்போம். வேறு சில இடங்களில் தாளம் சினிமாப் பின்னணி போல் ஓடி, நல்ல பேச்சைக் கெடுத்துவிடுகிறது.

இதைக் கலப்படமென்று முகஞ்சுளிப்பாருமுண்டு. அவர்கள் வாசிக்கும் பிடில் எங்கிருந்து வந்ததாம்? பாலுசாமி தீட்சிதர் மேல்நாட்டாரிடம் கற்றுக் கொண்டுவந்ததல்லவா?

நமது குறை வேறு. 1976-இல் 'அன்னக்கிளி'யில் கிராமத்து மெட்டை நாடறியச் செய்தவர், எந்த முதலாளியின் கட்டளையுமின்றித் தம் இஷ்டப்படி செய்த தட்டில் தியாகராயரை வரவேற்றார், பாஹை வரவேற்றார். தப்பை மட்டும் வாசலில் நிறுத்திவிட்டாரே! இதைச் சொல்ல நமக்கும் யோக்கியதை குறைவுதான். இங்கிலீஷ் பள்ளியில் படித்த நாளில், லயத்திலிருந்து பிணம் புறப்பட்டுத் தப்பு முழங்கினால் ஜன்னலைச் சாத்திக்கொண்டவர் நாம். பாஹின் பெயரைக் கற்ற பிறகே நமக்குக் காது வந்ததென்றால், அந்தக் காது யாருடையது?

சென்ற மாதம் கேமரன் மலையில் பனி இறங்கிய ஒரு மாலை, லயத்து வாசலில் இத்தட்டைக் கைப்பேசியில் வைத்தோம். தப்பைத் தீயில் காய்ச்சி அடிக்கும் பெரியவரொருவர் கடைசிவரை அசையாமல் கேட்டார்.

"நல்லாத்தான் இருக்குதுங்க, கிராணி ஐயா. நம்ம அடி எப்ப வரும்னு பாத்துக்கிட்டே இருந்தேன்" என்றார்.

ஏழாவதை மறுபடி வைக்கச் சொன்னார், வைத்தோம். இம்முறை அவர் விரல் பலகையில் ஏதோ தட்டிக்கொண்டிருந்தது.