ஆள் இல்லாத ஊரில் ஸ்டார்டஸ்ட்

போக்கிமான் கோ ஆடுகிற யாரிடமாவது "ஸ்டார்டஸ்ட்டை எப்போ செலவு பண்ணலாம்?" என்று கேட்டுப் பாருங்கள். சேர்த்து வை, நூறு சதவீதம் கிடைக்கும் வரை கை வைக்காதே என்றுதான் பெரும்பாலும் பதில் வரும். யூடியூப் காணொளிகளும் ஆட்டக் கையேடுகளும் வாட்ஸ்அப் குழுவில் மூத்தவர்கள் சொல்வதும் இதையேதான் திருப்பித் திருப்பிச் சொல்கின்றன. இந்த ஆலோசனை தப்பு என்று ஒரேயடியாகச் சொல்ல மாட்டேன். ஆனால் இது ஒரு குறிப்பிட்ட மாதிரி ஊருக்காக எழுதப்பட்டது, அந்த ஊர் கச்சிராயபாளையம் இல்லை. கொஞ்சம் கணக்குப் போட்டால் இது விளங்கிவிடும்.

ஆட்டம் ஆடாதவர்களுக்காகச் சுருக்கமாக: ஒவ்வொரு போக்கிமானுக்கும் ஒரு நிலை உண்டு, லெவல் என்போம். அதை ஏற்ற ஸ்டார்டஸ்ட்டும் கேண்டியும் வேண்டும். கேண்டி அந்தந்த இனத்துக்குத் தனித்தனி. ஸ்டார்டஸ்ட் எல்லாவற்றுக்கும் பொது, அதனால்தான் அதில் கை வைக்க இவ்வளவு யோசனை. ஏற்றிவிட்டால் இறக்க முடியாது, போட்டதைத் திரும்ப வாங்கவும் முடியாது. லெவல் போக, ஐவி என்று பிறவிக் குணம் மாதிரி மூன்று எண்கள் இருக்கின்றன: தாக்குதல், தற்காப்பு, உயிர். ஒவ்வொன்றும் 0 முதல் 15 வரை. மூன்றும் 15 என்றால் அதுதான் "நூறு".

இப்போது மெட்டாகிராஸை எடுத்துக்கொள்வோம். அதன் அடிப்படைத் தாக்குதல் 257. ஐவி 15 என்றால் 272, 10 என்றால் 267. வித்தியாசம் 2 சதவீதத்துக்கும் குறைவு. இந்த 2 சதவீதத்துக்காகத்தான் காத்திருக்கச் சொல்கிறார்கள். காட்டில் சாதாரணமாகப் பிடிக்கும் ஒன்று நூறாக இருக்க வாய்ப்பு 4,096-க்கு 1. ரெய்டில் பிடித்தால் மூன்று எண்களுமே 10-க்குக் கீழே போகாது, ஆகவே அங்கே 216-க்கு 1.

லெவல் கணக்கு வேறு மாதிரி. ரெய்டிலோ முட்டையிலோ வருவது சாதாரணமாக 20-வது லெவலில் வரும். அங்கிருந்து 30-க்கு ஏற்ற 75,000 ஸ்டார்டஸ்ட். அதற்குத் தாக்குதல், தற்காப்பு, உயிர் மூன்றுமே சுமார் 22 சதவீதம் கூடும். 30-லிருந்து 40-க்குப் போக 1,50,000, அதாவது இரண்டு மடங்கு விலை. கூடுவதோ 8 சதவீதம்தான். 2020 இறுதியில் உச்ச லெவலை 50 ஆக்கினார்கள். அந்தக் கடைசிப் பத்து லெவலுக்கு 2,50,000 ஸ்டார்டஸ்ட்டும் 296 எக்ஸ்எல் கேண்டியும் வேண்டும், கூடுதல் 6 சதவீதத்துக்கு. கரும்புக்கு யூரியா போட்டவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. முதல் மூட்டை செய்கிற வேலையை ஐந்தாவது மூட்டை செய்யாது.

இதில் ஆட்டத்தை உருவாக்கியவர்கள் செய்திருக்கும் ஒரு காரியத்தைத்தான் நான் முக்கியமாகக் குறை சொல்வேன். 22 சதவீதம் தரும் லெவலின் எண்ணைத் திரையில் எங்கேயுமே காட்டுவதில்லை. தலைக்கு மேல் ஒரு வில் வளைவு, அதில் ஒரு புள்ளி, அவ்வளவுதான். 2 சதவீதம் தரும் ஐவிக்கோ தனியாக ஒரு மதிப்பீட்டுத் திரை, பட்டைகள், நட்சத்திரங்கள், நூறு என்றால் பின்னணி நிறமே வேறு. கண்ணுக்குத் தெரிவதைத்தானே மனுஷன் துரத்துவான்? கையேடு எழுதுகிறவர்களை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. அவர்கள் திரை சொல்லிக்கொடுத்ததைத்தான் எழுதுகிறார்கள்.

சரி, ஊருக்கு வருவோம். கச்சிராயபாளையம் கல்வராயன் மலை அடிவாரம். கள்ளக்குறிச்சி மாவட்டம், 2019-க்கு முன்பு விழுப்புரம் மாவட்டம். கோமுகி அணையும் கூட்டுறவு சர்க்கரை ஆலையும்தான் வெளியூர்க்காரர்களுக்கு அடையாளம். இந்த ஆட்டம் 2016 டிசம்பரில் ஜியோவோடு கைகோத்து இந்தியாவுக்கு அதிகாரப்பூர்வமாக வந்தபோது, ரிலையன்ஸ் கடைகளே போக்கிஸ்டாப்களாகவும் ஜிம்களாகவும் ஆயின. அப்படிக் கடை கடையாக முளைத்தது பெரிய ஊர்களுக்கு. எங்கள் பக்கம் ஸ்டாப்களைக் கைவிரலில் எண்ணிவிடலாம். மலையில் ஏறினால் சிக்னல் போய்ப் போய் வரும். ஆட்டக்காரர்களின் எண்ணிக்கை அதைவிடக் குறைவு.

சாதாரண போக்கிமான் ஒன்றைப் பிடித்தால் 100 ஸ்டார்டஸ்ட். 20-லிருந்து 40 வரை ஒன்றை ஏற்ற 2,25,000 வேண்டும், அதாவது 2,250 பிடிப்பு. ஒரு நாளைக்கு 30 பிடித்தால் 75 நாள். சென்னையில் ஒரு பூங்காவைச் சுற்றி நடந்தால் மதியத்துக்குள் நூற்றைத் தாண்டிவிடலாம். இங்கே 30 என்பதே நல்ல நாள். "அப்படின்னா இன்னும் சிக்கனமா இருக்கணும் இல்ல?" என்று தோன்றலாம். எனக்கு அது தலைகீழாகப் படுகிறது. காரணம் ரெய்டு.

ஐந்து நட்சத்திர ரெய்டுக்கு 300 வினாடி நேரம். ஒரே ரெய்டில் 20 பேர் வரை சேரலாம். நகரத்தில் பதினைந்து பேர் கூடினால் யாருடைய போக்கிமான் எந்த லெவலில் இருந்தாலும் அரக்கன் விழுந்துவிடுவான். அங்கே ஒருவர் ஸ்டார்டஸ்ட்டைப் பூட்டி வைத்திருந்தால் ஒரு நஷ்டமும் இல்லை, மற்ற பதினான்கு பேரின் பலத்தில் அவரும் ஜெயிக்கிறார். "காத்திரு" என்ற ஆலோசனை பிறந்த இடம் அதுதான். இங்கே ரெய்டுக்கு இரண்டு பேர், மிஞ்சினால் மூன்று பேர். ஜெயிப்பதும் தோற்பதும் கடைசிப் பத்து வினாடியில் முடிவாகும். மூன்று நட்சத்திர ரெய்டுக்குத் தனியாகப் போனால் 180 வினாடி. அரக்கனின் உயிர்ப்பட்டையில் ஒரு நகக்கண் அளவு மிச்சம் இருக்கும்போது நேரம் முடிந்துபோவதை இங்கே ஆடுகிற எல்லாரும் பார்த்திருப்பார்கள். அந்த நகக்கண் அளவுதான் 75,000 ஸ்டார்டஸ்ட்டின் உண்மையான மதிப்பு. ஆள் இருக்கிற ஊரில் பலம் அலங்காரம், ஆள் இல்லாத ஊரில் ஸ்டார்டஸ்ட்தான் மூன்றாவது ஆள்.

என் சித்தி பையன் ஒருத்தன் 12 லட்சம் ஸ்டார்டஸ்ட் வைத்திருந்தான். எங்கள் பக்கத்துக்கு அது ராஜா வீட்டுச் சொத்து. "ஏண்டா ஏத்த மாட்டேங்கற?" என்றால், "நூறு ஒண்ணு வரட்டும்ணா, வீணாக்கிட்டா திரும்ப வராதே" என்பான். அவனுடைய ஆறு போக்கிமானும் 20, 22 என்று நின்றன. நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து தோற்ற ரெய்டுகளில் பாதியை, அவன் நான்கு லட்சம் செலவழித்திருந்தால் ஜெயித்திருப்போம். ஜெயித்திருந்தால் அவன் தேடிய நூறும் ஒருவேளை அதில் வந்திருக்கும், 216-க்கு 1 சீட்டு ரெய்டை ஜெயித்தவனுக்குத்தானே கிடைக்கும். கொஞ்ச நாளில் சலித்துப்போய் ஆட்டத்தை அழித்துவிட்டான். அந்த 12 லட்சமும் அப்படியே கிடக்கிறது. சேர்த்து வைத்த ஸ்டார்டஸ்ட்டுக்கு வட்டி கிடையாது, வேறொருவருக்கு மாற்றிக் கொடுக்கவும் வழி கிடையாது.

ஆள் இல்லாத குறைக்கு ஒரு மாற்று வழி இருந்தது. 2020 ஏப்ரலில், கொரோனா ஊரடங்கில், ரிமோட் ரெய்டு பாஸ் வந்தது. வீட்டிலிருந்தே ஜப்பான்காரரின் ரெய்டில் சேரலாம். கிராமத்து ஆட்டக்காரர்களுக்கு அது பெரிய வாசல். 2023 ஏப்ரலில் அதன் விலையை 100 காயினிலிருந்து 195 ஆக்கினார்கள், ஒரு நாளைக்கு ஐந்துதான் என்று வரம்பும் போட்டார்கள். மக்களை வெளியே வரவைக்கத்தானாம். வெளியே வந்தால் ஆள் இருக்கிற ஊருக்கு அந்த வாதம் பொருந்தும்.

காசு போடாமல் காயின் சேர்க்கலாமே என்றால் அதிலும் ஒரு வேடிக்கை. ஜிம்மில் நம் போக்கிமானை நிறுத்தினால் பத்து நிமிடத்துக்கு ஒரு காயின், ஒரு நாளைக்கு 50 உச்சம். ஆனால் அதை யாராவது தோற்கடித்துத் திருப்பி அனுப்பினால்தான் காயின் கைக்கு வரும். எங்கள் ஊரில் தோற்கடிக்க ஆள் ஏது? வாரக்கணக்கில் அது அங்கேயே காவல் தெய்வம் மாதிரி நிற்கும். கடைசியில் திரும்பி வரும்போது எத்தனை நாள் நின்றிருந்தாலும் கிடைப்பது அதே 50.

ஆகவே என் கணக்கு இப்படி. ஒன்றிரண்டை உச்சிக்கு ஏற்றுவதை விட, ஒரே வகையில் ஆறு போக்கிமானை 30-க்குக் கொண்டுவருவது மேல். ஆறையும் 20-லிருந்து 30-க்கு ஏற்ற 4,50,000. அதே தொகையில் இரண்டை மட்டும் 40-க்கு ஏற்றலாம், மீதி நாலும் 20-லேயே நிற்கும். ரெய்டில் முதல் இரண்டும் விழுந்த பிறகு அந்த நாலு என்ன செய்யும்? அதோடு, தேடுவதானால் நூறைத் தேடாமல் லெவலைத் தேடலாம். காட்டில் 30-வது லெவல் வரை பிடிக்கலாம், அந்த வகைக்கு ஏற்ற வானிலை இருந்தால் 35 வரை. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் திரை மழையைக் காட்டினால் நீர், மின்சாரம், பூச்சி வகைகளுக்கு அது பொருந்தும். அந்த நேரத்தில் 33-வது லெவலில் ஒன்று மாட்டினால், ஐவி இரண்டு நட்சத்திரமாகவே இருக்கட்டும், 75,000-க்கு மேல் சும்மா கிடைத்த மாதிரி. மதிப்பீட்டுத் திரையைப் பார்த்துவிட்டு அதைக் கைவிடுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வயிறு எரியும்.

காத்திருப்பதில் அர்த்தமே இல்லை என்று சொல்ல வரவில்லை. பரிணாமத்துக்குக் காத்திருக்கலாம், காத்திருக்கவும் வேண்டும். மெட்டாகிராஸுக்கு மீட்டியோர் மேஷ் என்ற அடி 2018 அக்டோபர் கம்யூனிட்டி டேயில் பரிணாமம் செய்தவர்களுக்குக் கிடைத்தது. அந்த அடி இல்லாத மெட்டாகிராஸ் பாதி மெட்டாகிராஸ்தான். ஆக கேண்டியை வைத்துக்கொண்டு அந்த மாதிரி நாளுக்காகப் பொறுப்பது புத்தி. நாளும் நேரமும் முன்கூட்டியே தெரிந்த காத்திருப்பு அது. அதேபோல பழம்பெரும் போக்கிமான்களுக்கு இரண்டாவது சார்ஜ் அடியைத் திறக்க 1,00,000 ஸ்டார்டஸ்ட் ஆகும், ரெய்டுக்கு அது பெரும்பாலும் தேவைப்படாது, தள்ளிப்போடலாம். லக்கி போக்கிமான் கிடைத்தால் ஏற்றப் பாதி ஸ்டார்டஸ்ட்தான், நம்மூர்க்காரர்கள் முதலில் கை வைக்க வேண்டியது அதில்தான். ஷேடோ வகைக்கு ஏற்றும் செலவு 20 சதவீதம் கூடுதல், அடியும் 20 சதவீதம் கூடுதல். எந்த நூறும் தராத பலம் அது, கொடுக்கலாம்.

வீட்டில் உட்கார்ந்தபடியே ஆடும் பேட்டில் லீகை ஊர்க்காரர்கள் ஏன் கண்டுகொள்வதில்லை என்று புரியவில்லை. கிரேட் லீகில் 1,500 சிபிதான் உச்சம். நிறைய போக்கிமான்களுக்கு அந்த 1,500-ஐத் தொட 20-ஐ ஒட்டிய லெவலே போதும். அங்கே தாக்குதல் ஐவி குறைவாக இருப்பதே பல நேரம் நல்லது, நூறு என்றால் சங்கடம். மெடிசாம் மாதிரி கிட்டத்தட்ட 50 வரை ஏற்றச் சொல்லும் சிலதை விட்டுவிட வேண்டியதுதான். ஜிம் வேண்டாம், ஆள் வேண்டாம், எதிரில் ஆடுகிறவர் எந்த நாட்டில் இருந்தாலும் சரி. பஸ் ஸ்டாண்டில் சிக்னல் நாலு கோடு காட்டினால் போதும்.