அம்மா வேடத்தின் வயது

கோலார் தங்கவயலைச் சேர்ந்த ஒருவர் 'கே.ஜி.எஃப்.' படத்தைப் பார்க்க உட்கார்ந்தால், கண் முதலில் தேடுவது சுரங்கக் கழிவு குவிந்த சயனைட் மேட்டைத்தான். மேடு இருக்கிறது; ஊர் இல்லை. 1880இல் லண்டனின் ஜான் டெய்லர் கம்பெனி வந்து இறங்கிய பின், வடஆற்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் சித்தூர்ப் பக்கமிருந்தும் வந்து லைன் வீடுகளில் குடியேறி, 2001 பிப்ரவரி 28இல் மூடப்படும்வரை அந்தச் சுரங்கங்களில் இறங்கிய தமிழ்க் குடும்பங்களுக்கும் படத்தில் வரும் நராச்சி என்ற கற்பனைச் சுரங்கத்துக்கும் ஒரு தொடர்பும் கிடையாது. ஆனால் இரண்டு பாகங்களையும் இழுத்துச் செல்லும் கயிறு ஒன்று தமிழருக்கும் கன்னடருக்கும் நன்றாகப் பழகியதுதான்: சாகும் தாய் மகனிடம் சொல்லிவிட்டுப் போகும் சொல். அந்தத் தாயாக நடித்த அர்ச்சனா ஜோயிஸ், நாயகன் யஷ்ஷைவிட வயதில் இளையவர்.

இதைக் கேட்டுச் சிலர் வியந்தார்கள். நம் மேடையையும் திரையையும் கொஞ்சம் பின்னோக்கிப் பார்த்தவர்களுக்கு வியப்பு வராது.

தொடரும் முன் ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். 'துணை நடிகை' என்றால் கோடம்பாக்கத்தில் நாள் சம்பளத்துக்குக் கூட்டத்தில் நிற்பவர் என்றே பொருள். கதையில் பெயரும் உறவும் உள்ள வேடத்தில் நடிப்பவரைக் 'குணச்சித்திர நடிகை' என்கிறோம். மரியாதையான சொல்தான். ஆனால் நடைமுறையில் அந்தக் குணச்சித்திரம் பெரும்பாலும் ஒன்றே ஒன்று, அம்மா. வயதானால் பாட்டி.

தங்கவயலில் உட்கார்ந்து இந்த வரலாற்றைப் பார்ப்பதில் ஒரு வசதி உண்டு. ஊர் கர்நாடகத்தில், பேச்சு தமிழில். கன்னட மேடையில் வளர்ந்து தமிழ்த் திரைக்கு அம்மாவான நடிகைகளை இங்கே இரு பக்கமும் சொந்தம் கொண்டாடலாம். எம். வி. ராஜம்மா அவர்களில் மூத்தவர். சந்திரகலா நாடக மண்டலியில் நடித்தவர். அந்தக் குழுவின் நாடகமே 1936இல் 'சம்சார நௌகா'வாகப் படமானது. தமிழில் 1940இன் 'உத்தம புத்திரன்' படத்தில் பி. யு. சின்னப்பாவுக்கு ஜோடி. 1943இல் 'ராதா ரமணா' என்ற கன்னடப் படத்தைத் தயாரிக்கவும் செய்தார். அப்படிப்பட்டவரைத் தமிழ் ரசிகர் இன்று நினைவில் வைத்திருப்பது 1964இன் 'கர்ணன்' படத்துக் குந்தியாக. அந்தக் குந்தி அழுதே தீர்ப்பவள் அல்ல. குற்ற உணர்வை விறைப்பாகத் தாங்கி நிற்பவள். அந்த நிதானம் நாடக மேடை தந்த சொத்து என்றே எனக்குப் படுகிறது.

பண்டரிபாயின் பாதை இன்னும் விசித்திரம். பட்கலில் பிறந்து, ஹரிகதை சொல்லி, நாடகத்தில் நடித்துவிட்டுத் திரைக்கு வந்தவர். 1952இல் 'பராசக்தி'யில் சிவாஜிக்கு ஜோடி. 1954இல் இரண்டு படங்கள்: கன்னடத்தில் ராஜ்குமாரோடு 'பேடர கண்ணப்பா', தமிழில் பாட்டே இல்லாத 'அந்த நாள்'. பின்னதில் கணவனையே சுட்டுவிடும் மனைவி. அந்த முகத்தில் அமைதியும் முடிவும் ஒருசேரத் தங்கியிருந்ததைப் பார்த்தவர்கள், இனி இவருக்கு எழுதப்படும் வேடங்களே வேறு என்று நினைத்திருக்கக்கூடும். நடந்தது அதுவல்ல. 1968இல் 'குடியிருந்த கோயில்' படத்தில் எம்.ஜி.ஆருக்கு அம்மாவானார். எம்.ஜி.ஆர். பிறந்தது 1917இல்; மகன் தாயைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்தவர்!

ஆனால் இந்தக் கணக்கின் உச்சம் 1973இன் 'கௌரவம்'. பாரிஸ்டர் ரஜினிகாந்தாக ஒரு சிவாஜி; அவர் எடுத்து வளர்த்த கண்ணனாக இன்னொரு சிவாஜி. பண்டரிபாய் முன்னவருக்கு மனைவி, பின்னவருக்கு வளர்ப்புத் தாய். பராசக்தியின் காதலியும் இருபது வருடத்துக்குப் பிந்தைய அம்மாவும் ஒரே வீட்டுக்குள், ஒரே நடிகருக்கு எதிரே. இரண்டு சிவாஜிகளும் உரக்க மோதிக்கொள்ள, நடுவில் நிற்கும் இந்தப் பெண் குரலை உயர்த்தாமல் இருவரையும் பார்க்கிறார். வீடு உடைகிறது என்பது நமக்கு அவர் முகத்தில்தான் தெரிகிறது. ஒய்.ஜி. பார்த்தசாரதி குழுவினர் 'கண்ணன் வந்தான்' என்று மேடையேற்றிய நாடகம்தான் இந்தப் படமானது.

எஸ். என். லட்சுமிக்கு நாயகி பருவம் என்ற ஒன்றே வாய்க்கவில்லை. விருதுநகர் பக்கத்துச் சென்னல்குடிக்காரர், வீட்டின் பதின்மூன்றாவது பிள்ளை, சிறுமியாக வீட்டை விட்டு நாடகத்துக்குப் போனவர். எஸ். வி. சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜில் தேறியவர். ஆயிரத்து ஐந்நூறுக்கு மேல் நாடகமேடைகள், இருநூறுக்கு மேல் படங்கள் என்று அவர் கணக்கைச் சொல்வார்கள். 'பாக்தாத் திருடன்' படத்தில் டூப் போடாமல் சிறுத்தையோடு சண்டையிட்டார் என்ற கதையும் உண்டு. அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது 1964இன் 'சர்வர் சுந்தரம்', நாகேஷின் அம்மா. நாகேஷ் 1933இல் பிறந்தவர். லட்சுமி அப்போது நாற்பதைத் தொட்டிருக்கவில்லை. அதன் பிறகு திரை அவரை இளமையாகப் பார்க்கவே இல்லை.

மைக் இல்லாத மேடையில் கடைசி வரிசை ஆளுக்கும் கேட்கும்படி பேசிப் பழகிய தொண்டை, கேமரா முன்னால் மெல்லப் பேசினாலும் அடியில் ஒரு கனத்தை வைத்துக்கொள்ளும். லட்சுமியின் குரலில் அது கடைசிவரை இருந்தது. 1990இல் 'மைக்கேல் மதன காமராஜ'னில் கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டும் திருட்டுப் பாட்டி. 1994இல் 'மகாநதி'யில் மருமகனோடு சேர்ந்து சிதையும் மாமியார். முன்னதில் நொடி தப்பாமல் விழும் நகைச்சுவை, பின்னதில் பேச்சற்ற துயரம். இரண்டையும் செய்த ஆள் ஒருவர்தான் என்பது பல பேருக்கு உறைப்பதில்லை. அதை அவருடைய வெற்றி என்பதா, நம் பார்வையின் குறை என்பதா? எனக்கு இரண்டாவதில்தான் சாய்வு.

வயதுக்கு முந்தி அம்மாவானதில் காந்திமதியும் அப்படித்தான்: '16 வயதினிலே' வந்த 1977இல் முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்தார், நாயகி மயிலுக்குத் தாயானார்.

தேசிய விருதுகளில் குணச்சித்திர நடிகைக்கென்று ஒரு பிரிவு தொடங்கியதே 1984ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். குந்தியும் சுந்தரத்தின் அம்மாவும் பாரிஸ்டரின் மனைவியும் அதற்குள் வந்து போய்விட்டார்கள். 'புதிய பாதை'க்காக மனோரமா அதைப் பெற்றபோது, அவருக்குப் பின்னால் ஒரு வரிசையே நின்றிருந்தது.

அர்ச்சனா ஜோயிஸ் நாடகக் கம்பெனி வழியே வந்தவர் அல்லர். நடனம் பயின்று, சின்னத்திரையில் நடித்துவிட்டு வந்தவர். முகத்தில் சுருக்கம் வரையவும் இல்லை, அந்தத் தாய் இளமையிலேயே இறந்துவிடுகிறாள். லட்சுமி எதிர்த்திசையில் போனார். முதுமையும் சேர்ந்துகொண்டபோது சின்னத்திரைக்கு வந்தார், 'தென்றல்' தொடரில் பாட்டியாக நடித்தார், 2012 பிப்ரவரி 20இல் காலமானார். முப்பதுகளிலிருந்தே போட்டுவந்த நரைக்கு, கடைசி ஆண்டுகளில் ஒப்பனை தேவைப்படவில்லை.